ஒற்றை வரியில் செத்துப்போனவர்கள்

போன வாரம் அக்கா மகனை உட்காரவைத்து 'ரோக் ஒன்' போட்டுக் காட்டினேன். பதின்மூன்று வயது. ஸ்டார் வார்ஸ் வரிசையில் அவன் பார்க்கும் முதல் படம். கடைசிச் சண்டை தொடங்கும்போது கேட்டான்: "மாமா, இவங்கல்லாம் அடுத்த பார்ட்ல வருவாங்கல்ல?" நான் ரிமோட்டைத் தேடுவதுபோலப் பாவலா காட்டித் தப்பித்தேன்.

(இன்னும் பார்க்காதவர்கள் இங்கேயே இறங்கிக்கொள்ளுங்கள். முடிவைச் சொல்லாமல் இந்தப் படத்தைப் பேச வழியே கிடையாது.)

2016 டிசம்பரில் வந்த படம். அதற்கப்புறம் இதே வரிசையில் படங்களும் தொடர்களும் வந்து குவிந்துவிட்டன. அதில் பாதியின் கதையைக் கேட்டால் இப்போது எனக்குச் சொல்லத் தெரியாது. இதை மட்டும் வருஷத்துக்கு ஒருமுறையாவது பார்த்துவிடுகிறேன்.

முன்கதைப் படங்களுக்கு ஒரு பிறவிக் கோளாறு உண்டு. வாள் கழுத்துக்கு வந்தாலும் நமக்குப் பதறாது. பின்னால் நடக்கிற கதையில் ஆசாமி உயிரோடு உலாவுகிறாரே! ரோக் ஒன் அந்தக் கோளாறையே தன் பலமாக எடுத்துக்கொண்டது. 1977-இல் வந்த முதல் படம் ஆரம்பிக்கும்போது மஞ்சள் எழுத்துகள் மேலே ஏறிப் போகுமே, அதில் ஒரு வரி வரும்: புரட்சிப் படையின் ஒற்றர்கள் டெத் ஸ்டாரின், அதாவது எதிரிப் பேரரசின் கிரகத்தையே அழிக்கும் விண்வெளிக் கோட்டையின், வரைபடங்களைத் திருடிவிட்டார்கள். எத்தனை பேர், எப்படி, ஒன்றும் கிடையாது. பிறகு அவர்கள் யார், என்ன ஆனார்கள் என்று பேச்சே இல்லை. பெயர் பொறிக்காத நடுகல். இந்த வரியிலிருந்து ஒரு படம் எடுக்கலாம் என்று யோசனை சொன்னவர் ஜான் நோல், விஷுவல் எஃபெக்ட்ஸ்காரர். ஜின், காஸியன் என்று அந்த ஒற்றர்களுக்கு முகம் வந்த நிமிஷத்திலேயே பழைய ரசிகனுக்கு வயிற்றைப் பிசையும். இவர்கள் பின்னால் எங்கேயுமே இல்லையே, அப்படியானால்?

முதலில் எழுதிய வடிவத்தில் ஜின்னும் காஸியனும் பிழைத்துவிடுகிறார்களாம். டிஸ்னி நிறுவனம் எல்லோரையும் கொல்ல விடாது என்று இயக்குநர் கேரத் எட்வர்ட்ஸும் மற்றவர்களும் தாங்களாகவே பயந்திருக்கிறார்கள். அப்புறம் கேட்டுப் பார்த்தால், மேலிடம் சரி என்றுவிட்டது. பிழைக்க விட்டிருந்தால் இதையும் நான் என்றைக்கோ மறந்திருப்பேன்.

குறை சொல்லாமல் இருக்க முடியாது. முதல் பாதி ஓர் இடத்தில் நிற்காது, கிரகம் விட்டுக் கிரகம் தாவிக்கொண்டே இருக்கும். மனதைப் படிக்கிற அந்தக் கொழகொழ ஜந்து எதற்கு வந்தது, எதற்குப் போனது என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. 1977 படத்தில் வில்லனாக நடித்து, 1994-இல் இறந்துபோன பீட்டர் குஷிங்கைக் கணினியில் எழுப்பிக் கொண்டுவந்த காட்சிகளில் எனக்குக் கண் கூசும். முகம் அவர்தான், உயிர் யாருடையதோ.

ஆனால் வரைபடத்தைத் திருடப் போகும் ஸ்காரிஃப் கிரகத்தின் கடற்கரை வந்ததும் எல்லாம் மன்னிக்கப்படும். படம் முழுக்க நக்கல் பேசிக்கொண்டிருந்த ரோபோ கே-டூ, சுட்டுச் சல்லடையாக்கும்போதும் கதவைப் பூட்டிவிட்டுத்தான் விழுகிறது. பார்வையில்லாத சிர்ரூட், டானி யென் நடித்தது, மந்திரத்தை முணுமுணுத்தபடி குண்டுமழைக்குள் நடந்து போய் ஒரு சுவிட்சைத் தள்ளுகிறார். அதற்குத்தான் ஓர் உயிர். விமானி போதி, மேலே இருக்கும் கப்பல்களுக்குச் செய்தியைச் சொல்லி முடிக்கிறான், உள்ளே ஒரு கையெறி குண்டு வந்து விழுகிறது. தான் செய்தது பலித்ததா என்று பார்க்க ஒருவருக்கும் அவகாசம் கிடைப்பதில்லை. படத்தின் சோகம் எனக்கு அதில்தான். சாவு எல்லாப் போர்ப் படத்திலும் உண்டு.

கடைசியில் பெரிய வில்லன் டார்த் வேடர் இருட்டில் சிவப்பு வாளோடு வரும் காட்சியைப் பற்றி எல்லோரும் பேசிவிட்டார்கள். படப்பிடிப்பெல்லாம் முடிந்த பிறகு, வெளியீடு நெருங்கும் நேரத்தில் சேர்த்ததாம். நான் அதில் வேடரைப் பார்ப்பதே இல்லை. கதவைத்தான் பார்ப்பேன். பாதி திறந்து சிக்கிக்கொண்ட கதவு. இந்தப் பக்கம் மாட்டிக்கொண்ட சிப்பாய்க்குத் தான் தப்ப முடியாது என்று தெரிந்துவிட்டது. கையில் இருக்கும் வரைபடத்தை இடுக்கு வழியாக நீட்டி, வாங்கிக்கோ, வாங்கிக்கோ என்று கத்துகிறான். அந்தப் பக்கமிருந்து ஒரு கை வாங்குகிறது. நீட்டிய ஆளுக்குப் பெயர்கூட நினைவில்லை. ஜின்னும் காஸியனும் செய்ததை அவனும் நாலு விநாடியில் செய்துவிட்டுப் போகிறான்.

இன்னொன்று. 1977 படத்தில் டெத் ஸ்டாரை அழிப்பது இரண்டே மீட்டர் அகலமுள்ள ஒரு துவாரம். இவ்வளவு பெரிய கோட்டையைக் கட்டியவன் இப்படியா ஓட்டை விடுவான் என்று பல வருஷமாகக் கிண்டல் ஓடியது. இந்தப் படம் வந்து, வடிவமைப்பில் பலவீனத்தை வேண்டுமென்றே வைத்தவர் ஜின்னின் அப்பா கேலன் என்றது. மகளிடமிருந்து பிரித்துக் கூட்டிப்போய்க் கட்டச் சொன்னவர்களுக்கு அவர் கட்டித்தான் கொடுத்தார், உள்ளே குழி பறித்து. பின்னால் வந்த படம் முன்னால் வந்த படத்தைத் திருத்துவது எத்தனை தடவை நடக்கும்? இப்போது 1977 படத்தில் நாயகன் லூக் அந்தத் துவாரத்தைக் குறிபார்க்கும்போது எனக்குக் கேலன் முகம்தான் வருகிறது.

காஸியனின் முன்கதையாக வந்த 'ஆண்டோர்' தொடர் 2025-இல் முடிந்தது. அதன் கடைசிக் காட்சியை முடித்த கையோடு இதைப் போட்டால், அவன் ஒவ்வொரு படியேறும்போதும் கூப்பிட்டு நிறுத்தத் தோன்றுகிறது. குறிப்பாக அந்த லிஃப்ட். வேலை முடிந்து அவனும் ஜின்னும் கீழே இறங்குகிறார்கள். வெளிச்சமும் நிழலும் மாறிமாறி முகத்தில் விழுந்து போகின்றன. வசனம் கிடையாது, முத்தம் கிடையாது. வேறு படமாக இருந்தால் வயலினைப் பிழிந்து ஒரு காதலை ஒட்டவைத்திருப்பார்கள்.

பையன் படம் முடிந்ததும் ஒன்றும் பேசவில்லை. அடுத்ததைப் போடு என்று மட்டும் சொன்னான். 1977 படத்தைப் போட்டேன். கடைசியில் பெரிய மண்டபம், வரிசையாகப் படை, லூக்குக்கும் அவன் கூட்டாளி ஹானுக்கும் பதக்கம், கைதட்டல்.

"மாமா, ஜின் பேரை ஒருத்தர்கூடச் சொல்லலையே?"

"படம் எடுக்கும்போது அவளை யாரும் எழுதவே இல்லடா."

அவன் அதை ஒத்துக்கொள்ளவில்லை.