'தி ஃபியூஜிடிவ்' நிஜக் கதையா? அந்த ஃபார்வர்டு தவறு

ஹாரிசன் ஃபோர்டு நடித்த 'தி ஃபியூஜிடிவ்' (1993) முழுக்க உண்மைக் கதை, ஒஹையோ டாக்டர் சாம் ஷெப்பர்ட் அதேபோல் சிறையிலிருந்து தப்பியோடி, மனைவியைக் கொன்ற ஒற்றைக்கை ஆளைப் பிடித்தார் என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது.

ஷெப்பர்ட் தப்பவே இல்லை. 1954 ஜூலை 4 அதிகாலை மனைவி கொல்லப்பட்டார். அன்றிரவு வீட்டில் பார்த்ததாக அவர் சொன்னது பரட்டைத் தலை ஆளைத்தான், ஒற்றைக்கையனை அல்ல. மனைவியைக் கொன்றதாக அவருக்கே தண்டனை கிடைத்து, சுமார் பத்து வருடம் சிறை. பத்திரிகைக் கூச்சலில் நியாயமான விசாரணை நடக்கவில்லை என்று 1966இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தண்டனையை ரத்து செய்தது. அதே வருடம் மறுவிசாரணையில் விடுதலை. 'ஷெப்பர்ட் எதிர் மேக்ஸ்வெல்' என்று தேடினால் தீர்ப்பே இணையத்தில் கிடைக்கும், படித்துப் பாருங்கள்.

படத்துக்கு மூலம் 1963இல் தொடங்கிய டிவி தொடர். அதை உருவாக்கிய ராய் ஹக்கின்ஸ், ஷெப்பர்ட் வழக்கிலிருந்து எடுக்கவில்லை என்றே சொல்லி வந்தார். படத்தில் நாயகனைத் துரத்தும் போலீஸ் அதிகாரியான மார்ஷல் ஜெரார்டும் கற்பனைதான், அந்த வேடத்தில் நடித்த டாமி லீ ஜோன்ஸுக்குக் கிடைத்த ஆஸ்கர் மட்டும் நிஜம். அப்புறம் படத்தில் வரும் அந்த ரயில் மோதல்! வட கரோலினாவின் டில்ஸ்போரோ அருகே நிஜ ரயிலையே மோதவிட்டு எடுத்தார்கள்.

அந்தச் செய்தி உங்களுக்கு வந்தால் மேற்கொண்டு அனுப்பாதீர்கள். அனுப்பியவருக்கு இதைச் சொல்லிவிடுங்கள்.