விளக்கு போட்டபின் தெரியும் முகங்கள்

பெங்களூருவில் பப், கிளப் எல்லாம் இரவு ஒரு மணிக்கு மூட வேண்டும். அதற்குக் கொஞ்சம் முன்பே பாட்டை நிறுத்தி எல்லா விளக்கையும் போட்டுவிடுவார்கள். அந்த வெளிச்சத்தில் முகங்களைப் பார்க்க வேண்டும். அதுவரை கையைத் தூக்கி ஆடியவர்கள் சட்டென்று போனை எடுத்துக் குனிந்துகொள்வார்கள். இந்திராநகரில் நாலு வருடம் இருந்தபோது நானும் அந்தக் கூட்டத்தில் ஒருத்தி, அதனால்தான் சொல்கிறேன்.

ஊரில் இந்தப் பேச்சை எடுத்தாலே குடி, கூத்து, கலாச்சாரம் கெட்டுப்போச்சு என்பார்கள். சரி, குடி இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் ஏன் போகிறார்கள் என்று யாருமே கேட்பதில்லையே! பிஜி விடுதி அறையில் கூட இருப்பவள் ஊருக்குப் போயிருப்பாள், அம்மாவிடம் "சாப்பிட்டேன்மா" என்று சொல்லி போனை வைத்தாயிற்று, அப்புறம் வெள்ளி ராத்திரியிலிருந்து திங்கள் காலை வரை பேச ஒரு ஆள் கிடையாது. மனுஷ சத்தம் வேண்டும் என்றுதான் போகிறோம்.

போனால் அங்கே பேச முடியாது. சாதாரணப் பேச்சு 60 டெசிபல் என்றால், இசை ஒலிக்கும் இடங்களுக்கு உலக சுகாதார நிறுவனம் 2022இல் சொன்ன உச்ச வரம்பே 100. காதோரம் கத்தினால் பேரும் ஊரும் கேட்கும், மற்றதற்கெல்லாம் தலையாட்டிச் சிரிக்க வேண்டியதுதான். தனியாக வரும் பையனை 'ஸ்டேக் என்ட்ரி இல்லை' என்று வாசலோடு அனுப்புவார்கள், பெண்களுக்கு வாரத்தில் ஒரு நாள் மது இலவசம். எங்களைக் காட்டித்தான் மற்றவர்களிடம் காசு வாங்குகிறார்கள் என்று புரிந்த அன்று அந்த கிளாஸ் தொண்டையில் இறங்கவில்லை. அந்த கிளாஸையும் கீழே வைக்க முடியாது, யார் எதைக் கலப்பார்களோ என்று உள்ளங்கையால் மூடிப் பிடித்தபடியே ஆடப் பழகியிருந்தோம். ராத்திரி பத்துக்கு மேல் ஒரு டீயோடு பயமில்லாமல் உட்கார்ந்து பேச இத்தனை பெரிய ஊரில் ஒரு இடம் வேண்டாமா?

ஒருநாள் வாஷ்ரூமில் மை வழிய நின்ற பெண் டிஷ்யூ கேட்டாள். கொடுத்தேன். "தமிழாக்கா?" என்றாள். தேனிப் பக்கமாம். அப்பா போய் மூன்று மாதம், ஆபீஸில் லீவு கேட்டதோடு சரி, யாரிடமும் அதைப் பற்றிப் பேசவே இல்லையாம். கை கழுவும் மேடையில் சாய்ந்து இருபது நிமிடம் அவர் எப்படிச் சிரிப்பார், சைக்கிளில் எப்படிக் கூட்டிப்போவார் என்று சொன்னாள். கதவு திறக்கும்போதெல்லாம் பாட்டு உள்ளே வந்து அடித்தது. அப்புறம் முகம் கழுவி, லிப்ஸ்டிக் போட்டுக்கொண்டு, "வரேன்க்கா" என்று ஆடப் போய்விட்டாள்.

நம்பர் வாங்கிக்கொள்ள எனக்குத் தோன்றவே இல்லை.