பல மரம் கண்ட தச்சன்

“பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டான்” என்று சின்ன வயதில் என்னைத் திட்டாத பெரியவர் வீட்டில் கிடையாது. அந்தப் பழமொழி மேல் எனக்குத் தீராத கடுப்பு உண்டு. இப்போது யாராவது அதைச் சொன்னால் டாபியோ ரவுத்தவாராவின் கதையை எடுத்துவிடுவேன்.

பின்லாந்துக்காரர். 1948 லண்டன் ஒலிம்பிக்கில் ஈட்டி எறிதலில் தங்கம். 1958இல் பிரஸ்ஸல்ஸில் நடந்த உலக வில்வித்தைப் போட்டியில் பின்லாந்து அணி தங்கம் வென்றபோது அதிலும் ஒருவர். கூடவே பாடகர், சொந்தமாகப் பாட்டுக் கட்டுபவர், சினிமா நடிகர். மூன்று பேர் வாழ்க்கையை யாரோ தவறுதலாக ஒரே பெயரில் பதிந்துவிட்டார்களோ என்று சந்தேகம் வரும்.

மெடல் வாங்கி, அந்தப் புகழில் பாடவும் நடிக்கவும் போனவர் என்றுதான் பலரும் சுருக்கமாக எழுதுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. ரஷ்யாவோடு போர் நடந்த காலத்தில் படையில் இருந்த அவர், வீரர்களுக்கான அவுனுஸ் வானொலியில் வேலை பார்த்தவர். லண்டனுக்குப் போவதற்கு முன்பே இசைத்தட்டு வெளிவந்துவிட்டது, படத்திலும் தலைகாட்டிவிட்டார். ஒரு தொழிலை விட்டு இன்னொன்றுக்குத் தாவவில்லை. எல்லாம் ஒன்றாகத்தான் ஓடிக்கொண்டிருந்தன.

அந்தத் தங்கத்தைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும். 1940 ஒலிம்பிக் ஹெல்சிங்கியில், அவருடைய சொந்த நாட்டின் தலைநகரில் நடக்க வேண்டியது. போரால் ரத்தாயிற்று. 1915இல் பிறந்தவருக்கு அப்போது 25 வயது. தோளில் வலு இருந்த வருஷங்களைப் போர் தின்றுவிட்டது. லண்டனில் எறிந்தபோது வயது 33. தூரம் 69.77 மீட்டர். பத்து வருஷம் முன்னால் அவர் நாட்டுக்காரர் யூர்யோ நிக்கனென் வைத்த உலக சாதனையோ 78.70. போருக்குப் பிறகு நடந்த அந்த லண்டன் போட்டிக்கு ஜெர்மனிக்கு அழைப்பே இல்லை. அப்படியானால் சுமாரான தங்கம்தானே என்று கேட்கலாம். கேளுங்கள். இரண்டாவதாக வந்த அமெரிக்கர் 67.56, அதாவது இரண்டு மீட்டருக்கு மேல் பின்னால். பசியும் பங்கீட்டு அட்டையுமாக ஐரோப்பா இருந்த காலம். அந்தப் போட்டியில் யாருமே எழுபதைத் தாண்டவில்லை. 1920, 1924, 1932 என்று ஈட்டித் தங்கத்தைத் தங்கள் சொத்துபோல வைத்திருந்த நாடு பின்லாந்து. 1936இல் அது கைமாறிப்போனது. திரும்ப வீட்டுக்குக் கொண்டுவந்தவர் இவர்.

சரி, பாட்டுக்கு வருவோம். ரெய்னோ ஹெலிஸ்மா என்ற பாடலாசிரியர், எஸா பகாரினென் என்ற நகைச்சுவைக்காரர், இவர். மூவரும் சேர்ந்து ஊர் ஊராகப் போய் நிகழ்ச்சி நடத்தினார்கள். பிற்பாடு ஹெலிஸ்மாவோடு மனக்கசப்பாகிப் பிரிந்ததும் நடந்தது. ஆனால் ஹெலிஸ்மா எழுதி இவர் 1949இல் பாடிய ஒரு பாட்டு இன்னும் அங்கே உயிரோடு இருக்கிறது. கதை இதுதான்: சூரியன் மறையும்போது கடைசிக் கதிர் ஒன்று சகோதரிகளை விட்டுப் பின்தங்கிவிடுகிறது. அப்போதுதான் பொந்திலிருந்து வெளியே வரும் ஒரு குட்டிப் பூதம் அவளைப் பார்க்கிறது. இதுவரை வெளிச்சத்தையே பார்த்திராத பூதம். என்னோடு தங்கிவிடேன் என்கிறது. இருட்டு என் உயிரை எடுத்துவிடும் என்று சொல்லிவிட்டு அவள் போய்விடுகிறாள். ஒருத்தி ஏன் வெளிச்சத்தின் பிள்ளை, இன்னொருவன் ஏன் இரவை விரும்புகிறவன் என்று பூதம் இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறதாம். குழந்தைக் கதை மாதிரிதான் இருக்கும். அதை அந்தக் கனத்த ஆண்குரல் துளி நடிப்பில்லாமல் சொல்லிக்கொண்டு போகும்போது, பின்னிஷில் ஒரு வார்த்தை தெரியாத எனக்கே தொண்டை அடைத்தது.

சினிமாவைப் பற்றிப் பெரிதாகச் சொல்ல மாட்டேன். ஐம்பதுகளின் பின்லாந்துப் படங்களில் ஆஜானுபாகுவாக வருவார், பாடுவார், அவ்வளவுதான். டார்சானாக நடிக்க வாய்ப்பு வந்தும் வேண்டாமென்றார் என்று ஒரு கதை உலவுகிறது. 1978இல் வந்த சுயசரிதைக்கு, ஒரு நாளைக்கூட விட்டுக்கொடுக்க மாட்டேன் என்ற பொருளில் தலைப்பு வைத்தார்.

அடுத்த வருஷம் செப்டம்பரில், ஹெல்சிங்கிக்குப் பக்கத்தில் திக்குரிலா நீச்சல் குளத்தில் வழுக்கி விழுந்தார். தலையில் அடி. அடிபட்டவரைக் குடித்திருக்கிறார் என்று நினைத்துவிட்டார்கள். உள்ளே மூளையில் ரத்தம் கசிந்துகொண்டிருந்தது. வேண்டிய சிகிச்சை கிடைக்காமலே இறந்துபோனார். வயது 64.

என் பெரியப்பாவுக்கு ஒருமுறை பேருந்து நிலையத்தில் சர்க்கரை இறங்கி, நாக்குக் குழறி, சுவரைப் பிடித்தபடி உட்கார்ந்துவிட்டார். வேட்டி விலகியிருந்தது. சுற்றி நின்றவர்கள் சிரித்துக்கொண்டே நகர்ந்தார்கள். ஒரு பூக்காரம்மா மட்டும் கிட்டே வந்து வாயை முகர்ந்து பார்த்துவிட்டு, “சாராய வாடையே இல்லையேப்பா, இவருக்கு என்னவோ பண்ணுது” என்று கத்தினார். அதனால் பிழைத்தார்.

திக்குரிலாவில் விழுந்தவரோ, நாடே குரலை வைத்து அடையாளம் சொல்லக்கூடிய ஆள்.