விவாத மேடைச் சத்தமும் என் விரலும்

"டிவியிலதானே வேலை பாக்குறீங்க? அந்த விவாதத்துல ஏன் சார் எல்லாரும் ஒரே நேரத்துல கத்துறாங்க?" போன வாரம் ஒரு கல்யாணப் பந்தியில் பக்கத்து இலைக்காரர் கேட்டார். பாயசம் வந்துகொண்டிருந்ததால் சிரித்து மழுப்பிவிட்டேன். இங்கே சொல்லிவிடுகிறேன்.

22 வருஷமாக சவுண்ட் வேலை. ஐந்து பேர் விவாதம் என்றால் ஐந்து காலர் மைக், மிக்ஸரில் ஐந்து ஃபேடர், அதாவது சத்தத்தை ஏற்றி இறக்கும் தள்ளுபிடி. (பட்டுப்புடவை, கழுத்துச் சங்கிலியோடு வருபவருக்கு மைக் குத்துவது தனிக் கதை. சரசரப்பும் கிணுகிணுப்பும் பேச்சையே மூடிவிடும்.) பேசுகிறவர் ஃபேடர் மேலே, மற்றவர்களுடையது கொஞ்சம் கீழே. முழுக்க மூடிவிட்டால் அடுத்தவர் பேச ஆரம்பிக்கும்போது முதல் சொல் விழுங்கப்பட்டுவிடும். அதனால் கண் எப்போதும் வாய்களின் மேலேயே இருக்கும். ஒருவர் மூச்சை இழுக்கும்போதே, அடுத்தது இவர்தான் என்று விரலுக்குத் தெரிந்துவிடும்.

அப்படியானால் கத்தலை அடக்க முடியாதா? தாராளமாக முடியும். விரலை இரண்டு அங்குலம் கீழே இழுத்தால் போதும். ஒரு சேனலில் அப்படித்தான் இழுத்தேன். உடனே டாக்பேக்கில் (நிகழ்ச்சியை நடத்துகிறவர்கள் எங்களோடு பேசும் உள்தொடர்பு) குரல் வந்தது: "எதுக்கு இறக்குறீங்க? எல்லாத்தையும் திறந்து விடுங்க, நல்லா சூடா போகுது." திறந்து விட்டேன். அப்புறம் அதுவே பழகிவிட்டது. நீங்கள் கேட்கும் சத்தத்தில் பாதி பேசுகிறவர்களுடையது. மீதி பிசிஆரில், அதாவது நிகழ்ச்சியை நடத்தும் கட்டுப்பாட்டு அறையில், முடிவாகிறது.

இதில் அதிகம் அடிபடுவது வெளியூரிலிருந்து லிங்க்கில், அதாவது செயற்கைக்கோள் இணைப்பில், பேசுகிறவர். செயற்கைக்கோள் இருப்பது சுமார் 36,000 கிலோமீட்டர் உயரத்தில். சிக்னல் மேலே போய்க் கீழே வரக் கால் நொடி. அவர் பதில் வந்துசேர இன்னொரு கால் நொடி. நடுவில் இருக்கும் மெஷின்கள் எடுத்துக்கொள்ளும் நேரம் வேறு. அரை நொடியில் என்ன ஆகிவிடும் என்று தோன்றும். ஸ்டுடியோவில் நாலு பேர் முட்டி மோதும்போது அதற்குள் ஒருவர் இடத்தைப் பிடித்துவிடுவார். வீட்டில் பார்ப்பவர்கள், "பதில் தெரியாம முழிக்கிறான் பாரு" என்பார்கள்.

இன்னொன்றும் உண்டு. அவர் காதுக்கு அனுப்பும் ஒலியில் மற்ற எல்லார் குரலும் இருக்கலாம், அவர் குரல் இருக்கக் கூடாது. இருந்தால் தான் பேசியதே தாமதமாகத் திரும்பக் காதில் விழும். எப்பேர்ப்பட்ட பேச்சாளருக்கும் நாக்கு குழறிவிடும். ஒருநாள் அவசரத்தில் அந்த இணைப்பைத் தப்பாகப் போட்டுவிட்டேன். லிங்க்கில் இருந்தவர் வயதான விவசாயி. நாலு வார்த்தை பேசினார், நின்றார், மறுபடி ஆரம்பித்தார், கடைசியில் இயர்போனைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு கேமராவையே பார்த்தார். நான் சரிசெய்வதற்குள் அடுத்தவரிடம் போய்விட்டார்கள். மறுநாள் அந்த இருபது நொடியை வெட்டி, 'கேள்விக்குப் பதில் சொல்ல முடியாமல் திணறல்' என்று போட்டிருந்தார்கள். திணறியது அவர், தப்பு என்னுடையது. போய்ச் சொன்னேன். "விடுங்க, நல்லா ஓடுது" என்றார்கள்.

இப்போதெல்லாம் லிங்க்கில் இருப்பவர் வாயைத் திறந்தால் மற்ற நாலு ஃபேடரையும் இறக்கிவிடுகிறேன். டாக்பேக்கில் கேட்டால், "மைக்ல ஏதோ பிரச்சினை சார், பாத்துட்டிருக்கேன்" என்கிறேன்.