ஹெக்ரோத் பெயரைச் சொல்லியிருக்கலாம்

ஞாயிற்றுக்கிழமைத் திரையிடலுக்கு வந்தவர்களுக்கு நான் எதைச் சொல்கிறேன் என்று தெரியும். ‘தி ரெட் ஷூஸ்’ என்ற பாலே நடனப் படம் முடிந்து முக்கால் மணி நேரம் பேசினோம். இயக்கிய மைக்கேல் பவல், ஒளிப்பதிவாளர் ஜாக் கார்டிஃப், ஆடிய மொய்ரா ஷியரர், எல்லாரும் பேச்சில் வந்தார்கள். படத்தை வடிவமைத்த ஹைன் ஹெக்ரோத் பெயரை நான் எடுத்ததும், “செட் போட்டவர்தானே, நேரமாச்சு” என்று மைக்கை வாங்கிக்கொண்டார்கள். மூன்று நாளாகத் தூக்கம் சரியில்லை.

அவர் செட் மட்டும் போட்டவர் இல்லை. அந்த பாலே காட்சியைக் கட்டம் கட்டமாக ஓவியமாகத் தீட்டி, இசையோடு ஓட்டிப் பார்த்துவிட்டுத்தான் படமெடுத்தார்கள். காற்றில் பறக்கும் செய்தித்தாள் எழுந்து நின்று, தாளால் ஆன மனிதனாகி நாயகியோடு ஆடியபோது அரங்கமே மூச்சுவிடவில்லை. அது செட்டா?

“சினிமா இயக்குநரின் கலை” என்பீர்கள். சரி. அந்த இயக்குநர்தானே, தன் முந்தைய படமான ‘பிளாக் நார்சிசஸ்’ படத்துக்குப் பின்னால் ஆஸ்கர் வாங்கிய கலை இயக்குநர் ஆல்ஃபிரெட் யுங்கேயை விட்டுவிட்டு, அதே படத்தில் உடை வடிவமைத்த இவரிடம் பொறுப்பைக் கொடுத்தார்? கார்டிஃபின் ஒளி இல்லாமல் அந்தச் சிவப்பு இல்லை, ஒப்புக்கொள்கிறேன். அவரைப் பற்றித்தான் பத்து நிமிடம் பேசினீர்களே.

நான் ஒரு படத்தில் கலை இயக்குநருக்கு உதவியாளாக இருந்தவன். புதுச் சுவரை நாற்பது வருடச் சுவராக்க, தேயிலை டிக்காஷனும் கரித்தூளும் கலந்து இரண்டு இரவு தெளித்தோம். விளிம்பில் விரலால் தேய்த்துத் தேய்த்து நகக்கண் கறுத்துப்போனது. படம் வந்தது. எங்கள் நாலு பேர் பெயரும் இல்லை. கேட்டதற்கு, “சுவருக்கெல்லாமா பேர் போடுவாங்க?” என்றார்கள். ஞாயிற்றுக்கிழமை கேட்டது அதே குரல்.

“சொந்தக் கோபத்தை ஹெக்ரோத் மேல் ஏற்றுகிறாய்” என்று ஒரு நண்பர் எழுதியிருக்கிறார். இருக்கட்டும். அந்த மனிதர் பட்டதையும் கேளுங்கள். 1901இல் ஜெர்மனியின் கீஸனில் பிறந்தவர். நடன அமைப்பாளர் கூர்ட் யோஸின் ‘பச்சை மேசை’ நடன நாடகத்துக்கு 1932இல் உடை வடிவமைத்தவர். மனைவி யூதர் என்பதால் நாஜி ஜெர்மனியை விட்டு வெளியேறினார். தஞ்சம் கொடுத்த இங்கிலாந்தே 1940இல் எதிரி நாட்டவர் என்று பிடித்து, ‘டுனெரா’ கப்பலில் ஏறத்தாழ 2,500 பேரோடு ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பியது. ஹே என்ற ஊரின் வறண்ட வெளியில், முள்வேலிக்குள் இருந்தார். திரும்பி வந்து அதே இங்கிலாந்தில் ‘தி ரெட் ஷூஸ்’ வடிவமைப்புக்கு ஆர்தர் லாசனோடு ஆஸ்கர் பெற்றார். அப்புறம் ஜெர்மனிக்கே போய் ஃபிராங்க்ஃபர்ட் நாடக மேடைகளில் வேலை செய்தார். 1966இல் ஹிட்ச்காக்கின் ‘டார்ன் கர்ட்டன்’ படமும் அவர் வடிவமைத்ததுதான். இவ்வளவு பட்டவரைச் சொல்ல நமக்கு இரண்டு நிமிடம் இல்லையா?

அடுத்த மாதம் ‘தி டேல்ஸ் ஆஃப் ஹாஃப்மன்’ போடுகிறீர்கள். அதிலும் மேடையும் உடையும் அவருடையவை. விளக்கை அணைக்கும் முன் அவர் பெயரைச் சொல்லுங்கள். நீங்கள் சொல்லாவிட்டால் நான் எழுந்து சொல்வேன்.