அது துப்பாக்கி அல்ல, ஸ்பேனர்

‘தி லோன்டேல் ஆபரேட்டர்’ (1911) என்ற அமெரிக்க மௌனப் படத்தில் நாயகி கைத்துப்பாக்கியைக் காட்டித் திருடர்களை மடக்குகிறாள் என்றும், வெவ்வேறு இடங்களில் ஒரே நேரத்தில் நடப்பவற்றை மாறிமாறி வெட்டிக் காட்டும் உத்தியை இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித் இதில்தான் கண்டுபிடித்தார் என்றும் நண்பர் ஒருவர் எழுதியிருக்கிறார். இரண்டுமே தவறு.

ரயில் நிலையத் தந்தி ஊழியரான நாயகியாக நடித்த பிளான்ச் ஸ்வீட் கையில் இருப்பது வெறும் ஸ்பேனர். தந்தியில் உதவி கேட்டுவிட்டு, விளக்கை அணைத்து, இருட்டில் அதைத் துப்பாக்கிபோல நீட்டுகிறாள். எஞ்சின் டிரைவரான காதலன் ரயிலில் பறந்து வந்து சேர்ந்த பிறகு, அண்மைக் காட்சியில் (க்ளோஸ்-அப்) உண்மை தெரிகிறது. ஏமாந்த திருடர்களே அவளுக்குத் தலைவணங்குகிறார்கள்! குழப்பத்துக்குக் காரணம் உண்டு: இருட்டை உணர்த்த அந்தக் காட்சியின் படச்சுருளுக்கு நீலச் சாயம் ஏற்றியிருந்தார்கள். சாயமில்லாத கறுப்பு வெள்ளைப் பிரதியில் பட்டப்பகல்போலத் தெரியும். திருடர்களுக்குக் கண் இல்லையா என்றுதான் எனக்கும் முதலில் தோன்றியது.

உத்தியைப் பொறுத்தவரை, கிரிஃபித்தே 1909இல் ‘தி லோன்லி வில்லா’வில் அதைக் கையாண்டுவிட்டார். அதற்கும் முன்பு, 1908இல், பிரான்சின் பாத்தே நிறுவனப் படமொன்றில் ஆபத்தில் இருப்பவர்களையும் காப்பாற்ற விரைந்து வருபவரையும் மாறிமாறிக் காட்டும் இதே வகை மீட்பு ஓட்டம் இருக்கிறது. கிரிஃபித் அந்த உத்தியைக் கூர்தீட்டினார் என்று சொல்லுங்கள், ஒப்புக்கொள்கிறேன்.