ஓர் அறிக்கையைத் திருத்தினால் போதுமா?
ஒருவரை ரகசியமாக ஒட்டுக்கேட்கும் அதிகாரி மனம் மாறி அறிக்கையைத் திருத்தினால், கண்காணிக்கப்பட்டவர் தப்பிவிடுவார் என்று தோன்றலாம். கிழக்கு ஜெர்மனியின் ரகசிய போலீஸான ஸ்டாசியில் அது அவ்வளவு எளிதாக இருக்கவில்லை. தொலைபேசியை ஒட்டுக்கேட்டது 26-ஆம் பிரிவு. கடிதங்களை ஆவி காட்டிப் பிரித்துப் படித்து, மறுபடி ஒட்டி அனுப்பியது ‘எம்’ (M) என்ற பிரிவு. உளவு சொன்னவர்களோ வேறோர் அதிகாரியின் கையில். ஓர் அறிக்கையில் மறைத்த சந்திப்பு அடுத்த கடிதத்திலேயே தலைகாட்டிவிடும். உறையை ஒட்டியவருக்கு, கடிதத்தை எழுதிய மனிதர் என்ன ஆனார் என்பதே தெரியாது. மனசாட்சி மரத்துப்போக இதுவே போதும். அதற்கு மேல் பயம். ஸ்டாசி கேப்டன் வெர்னர் டெஸ்கே மேற்கு ஜெர்மனிக்கு ஓடத் திட்டமிட்டு ஆவணங்களை வீட்டில் பதுக்கி வைத்தார். ஓடவில்லை, எதையும் யாரிடமும் கொடுக்கவுமில்லை. அப்படியிருந்தும் 1981 ஜூன் 26 அன்று லைப்சிக் சிறையில் அவரைப் பின்தலையில் சுட்டுக் கொன்றார்கள்.